ஷிரீன் கன்னத்தில் நோய் செத்துவிட்டதா, உறங்குகிறதா?

ரொய்ன்கரை:
நேற்று வேறொரு இழையில் ஒருவர் எழுதியதைப் படித்ததிலிருந்து எரிச்சல் அடங்கவில்லை. ‘எ சாங் ஆஃப் ஐஸ் அண்ட் ஃபயர்’ நாவல்களில் வரும் கிரேஸ்கேல் நோயைப் பற்றிய பேச்சு. ஷிரீன் பராத்தியன் என்ற சிறுமி, தொட்டிலில் கிடக்கும்போதே அது வந்து பிழைத்தவள். கன்னத்திலும் கழுத்திலும் தோல் கல்லாகி, கறுப்பும் சாம்பலுமாக வெடித்துக் கிடக்கும். ஐந்தாவது நாவலில் வால் என்ற காட்டுக்காரப் பெண், இவள் சுத்தமில்லை, நோய் உறங்குகிறது, மறுபடி எழும் என்று காவல் படைத் தலைவன் ஜான் ஸ்னோவிடம் சொல்கிறாள். அவள் சொன்னதுதான் உண்மை என்று இவர் தீர்ப்பே எழுதிவிட்டார். எந்த ஆதாரத்தில்? இத்தனை வருடத்தில் அது ஒரு விரற்கடைகூடப் பரவவில்லையே!

சுவருக்குவடக்கே:
அந்த ‘ஒருவர்’ நான்தான், பெயரைச் சொல்லியே திட்டியிருக்கலாம். பரவவில்லை என்றால் செத்துவிட்டது என்று அர்த்தமா? சின்னம்மை வந்து போனவர் உடம்பில் அந்தக் கிருமி நரம்புக்குள் போய்ப் படுத்துக்கொள்கிறது. முப்பது நாற்பது வருடம் கழித்து அக்கியாக எழுகிறது. அந்தக் கொப்புளத்திலிருந்து, அம்மையே வராத குழந்தைக்கு அம்மை தொற்றும். வால் யாருக்காகப் பயந்தாள்? ஷிரீன் இருந்த அதே கோபுரத்தில் இருந்த கைக்குழந்தைக்காக. அந்த இடத்தில் எந்தப் பெண்ணும் அப்படித்தான் பயப்படுவாள்.

ரொய்ன்கரை:
அக்கி எழும்போது எரியும், கொப்புளிக்கும், கண்ணுக்குத் தெரியும். ஷிரீன் கன்னத்தில் என்ன தெரிந்தது? அரண்மனை அறிஞரும் வைத்தியருமான மேஸ்டர் கிரெஸன் அவளைப் பக்கத்தில் வைத்துப் பார்த்துக்கொண்டார். எட்ரிக் ஸ்டார்ம் அவளோடு விளையாடினான். கோமாளி பேட்ச்ஃபேஸ் எப்போதும் அவள் பின்னாலேயே இருந்தான். ஒருவருக்காவது நகம் கறுத்ததா? அதே நாவலில் வரும் பிரபு ஜான் கானிங்டனைப் பாருங்கள். இந்த நோயாளிகள் திரிகிற ரொய்ன் ஆற்றில் விழுந்த டிரியன் என்பவனை ஒரே ஒரு தடவை இழுத்துப் போட்டார். கை நகம் கறுத்து, தோல் மரத்து, ஊருக்குத் தெரியாமல் ஒயினில் கையை ஊறவைத்துக்கொண்டு திரிகிறார். தொற்றுகிற நோய் என்றால் அப்படி இருக்கும். மறுபடி சொல்கிறேன்: ஒரு விரற்கடைகூடப் பரவவில்லை.

மஞ்சள்பறவை:
முதலில் ஒன்றைத் தெளிவாக்கிக்கொள்ளலாமா? கிரேஸ்கேலும், அந்தக் கதையில் ஓல்ட்டவுன் நகரை அழித்த சாம்பல் கொள்ளைநோயும் ஒன்றா, வேறா? வால் எதைச் சொல்கிறாள்?

சுவருக்குவடக்கே:
எல்லா நோயும் கானிங்டனுக்கு வந்ததுபோலச் சட்டென்று தெரியாது. தொழுநோய்க் கிருமி உள்ளே போய் அடையாளம் தெரிய சராசரியாக 5 வருடம், சிலருக்கு 20 வருடத்துக்கு மேலும் ஆகும். கிரேஸ்கேலின் மரத்துப்போகும் தோலும் அதே அடையாளம்தான். டிரியன் ஏன் கால்விரலைக் கத்தியால் குத்திப் பார்க்கிறான் என்று நினைக்கிறீர்கள்?

செங்கை_வாணி:
தொழுநோயை இதில் இழுக்காதீர்கள். நான் செங்கல்பட்டுக்காரி. தொழுநோய் ஆராய்ச்சி நிலையம் இருக்கிற ஊர். நோய் குணமாகி வந்த ஒரு பெரியவருக்கு டீக்கடையில் தனி டம்ளர். அதுவும் கையில் தராமல் பெஞ்சு ஓரத்தில் வைத்துவிட்டுப் போவார்கள். மழுங்கிய விரல்களால் அதை இரண்டு கையிலும் அணைத்துத் தூக்கிக் குடிப்பார். 1981இல் உலக சுகாதார நிறுவனம் கூட்டு மருந்தைப் பரிந்துரைத்தது. அதைச் சாப்பிட ஆரம்பித்ததுமே அடுத்தவருக்குப் பரவுவது நின்றுவிடும். விரல் மட்டும் அப்படியே இருக்கும். தழும்பைப் பார்த்து நோய் என்று சொல்பவர்களைப் பார்த்தே வளர்ந்தவள் நான். வால் பேச்சைப் படித்தபோது எனக்கு அழுகைதான் வந்தது.

சுவருக்குவடக்கே:
சகோதரி, உங்கள் வருத்தம் நியாயம்தான். ஆனால் அவர் மருந்து சாப்பிட்டார். ஷிரீன் என்ன சாப்பிட்டாள்? அந்த உலகத்தில் எலுமிச்சை, கடுகுப் பற்று, கொதிக்கிற வெந்நீர்க் குளியல், இவ்வளவுதான் வைத்தியம். இதில் எதில் கிருமி சாகும்?

ரொய்ன்கரை:
கிருமி என்று நாவலாசிரியர் மார்ட்டின் எங்கே எழுதியிருக்கிறார்? ரொய்ன் மக்கள் இதை இளவரசர் காரினின் சாபம் என்கிறார்கள். குழந்தையில் வந்து பிழைத்தால் மறுபடி வராது என்று மேஸ்டர்கள் சொல்கிறார்கள். உங்களுக்கு மேஸ்டர் பொய், காட்டுச் சூனியக்காரி மெய்!

ஓல்ட்டவுன்வாசி:
இந்த நாவல்களை வைத்து எடுத்த டிவி தொடரின் ஏழாவது சீசனில் சாம் என்ற மாணவன், நோய் வந்த ஜோரா என்ற வீரனின் தோலை உரித்து மருந்து பூசிக் குணமாக்கினானே? அப்படியென்றால் இது தோலோடு போகிற நோய்தானே?

ரொய்ன்கரை:
ஒரே ராத்திரியில் உரித்துக் குணமாக்கியதை எல்லாம் ஆதாரம் என்று கொண்டுவராதீர்கள். நாவலை மட்டும் பேசுவோம்.

சுவருக்குவடக்கே:
போன வருடம் டிராகன் முட்டை இழையில் என்னை மடக்க நீங்கள் காட்டியது எந்த நாவல்? முழுக்க டிவிதானே! அன்றைக்கு இனித்தது இன்றைக்குக் கசக்கிறதா?

ரொய்ன்கரை:
அந்த இழையில் நீங்கள் பாதியில் ஓடிப்போனது எல்லோருக்கும் தெரியும்.

சுவருக்குவடக்கே:
ஓடவில்லை, பரீட்சை இருந்தது. பேச்சை மாற்றாதீர்கள்.

மஞ்சள்பறவை:
நான் கேட்டதற்கு இன்னும் யாரும் பதில் சொல்லவில்லை.

ரொய்ன்கரை:
மாற்றவே இல்லை, ஆரம்பத்திலிருந்து ஒன்றைத்தான் கேட்கிறேன். அவள் தொட்டு யாருக்கு வந்தது? ஒரே ஒரு பெயர் சொல்லுங்கள், போதும். அவள் அப்பா ஸ்டானிஸுக்கு வந்ததா? அம்மா செலிஸுக்கு? காவலுக்கு நின்ற ஒருவனுக்காவது?

சுவருக்குவடக்கே:
உறங்குகிற நோய் யாருக்கும் தொற்றாது, எழுந்தால்தான் தொற்றும். இதைத்தான் நேற்றிலிருந்து சொல்லிக்கொண்டிருக்கிறேன். அடுத்த நாவல் வரட்டும், பார்ப்போம்.

ரொய்ன்கரை:
2011இல் ஐந்தாவது நாவல் வந்ததிலிருந்து ‘அடுத்த நாவல் வரட்டும்’ என்றே எல்லா இழையிலும் தப்பித்துக்கொள்கிறீர்கள். பெயர் எங்கே?