வரைந்த பிறகு அவர்களை விட்டுவிட்டார்களா?

ஓவிய வாத்தியார்:
எட்டாம் வகுப்பில் ரஷ்ய ஓவியர் இலியா ரேபினின் 'வோல்கா படகு இழுப்போர்' ஓவியத்தைக் காட்டினேன். பதினொரு பேர் மார்பில் வார் மாட்டிக்கொண்டு, மணற்கரையில் நடந்தபடி பெரிய படகை இழுக்கிறார்கள். கடைசி பெஞ்சிலிருந்து ஒரு பையன், "சார், இதை வரைந்த பிறகு அவர்களை விட்டுவிட்டார்களா?" என்றான். எனக்கு வாயடைத்துப்போயிற்று. நாளை மறுபடி அதே வகுப்பு. என்ன சொல்ல?

கரிக்கோடு:
இல்லை என்று சொல்லுங்கள். படத்திலேயே தூரத்தில் ஒரு நீராவிக் கப்பல் புகைவிடும். அந்தத் தொழிலை ஒழித்தது அதுதான், தூரிகை அல்ல. ஓவியத்தை வாங்கியவர் ஜாரின் மகன். பில்லியர்ட்ஸ் அறையில் மாட்டிவைத்தார்!

பழைய பெயிண்டர்:
கரிக்கோடு சொல்வது சரி, ஆனால் பாதிதான். நான் முப்பது வருடம் பேனர் வரைந்தவன். சோகம் வேண்டும் என்றால் கன்னத்தில் இரண்டு சொட்டுக் கண்ணீர் வைப்போம், கூலி வாங்கிக்கொண்டு போவோம். ரேபினும் முதலில் அந்த வழியில்தான் போனார். நேவா ஆற்றங்கரையில் கந்தலோடு இழுப்பவர்களையும், அருகிலேயே உல்லாசமாகப் பொழுதுபோக்கும் சீமாட்டிகளையும் பார்த்துவிட்டு, இரண்டையும் ஒரே படத்தில் வைக்க நினைத்தார். ஜோடித்ததுபோல் இருக்கிறது என்றார் நண்பர் வசீலியெவ். 1870 கோடையில் இருவரும் வோல்காவுக்கே போனார்கள்.

சீமாட்டிகள் படத்தைவிட்டுப் போனார்கள். கானின் வந்தார். முன்வரிசையில் தலையில் துணி கட்டிக் குனிந்து வருபவர். ஒரு காலத்தில் பாதிரியார். நடுவில் அந்தச் சின்னப் பையனைப் பாருங்கள். வார் உறுத்துகிறது, கையை உள்ளே கொடுத்துத் தளர்த்துகிறான், அவன் மட்டும் நிமிர்ந்திருக்கிறான். இன்னொருவன் வாயில் புகைக்குழாயோடு நடக்கிறான். ஒருவராவது நம்மைப் பார்த்து அழுகிறாரா? 1873இல் எழுத்தாளர் தஸ்தயேவ்ஸ்கி பாராட்டியதும் இதைத்தான். பில்லியர்ட்ஸ் அறை என்கிறீர்கள். ஆடுகிறவர் கோலை வைத்துவிட்டு நிமிர்ந்தால் எதிரே கானின். அங்கேயே இருக்கட்டும் என்பேன்.

நீர்வண்ணம்:
ஒரு கொசுறு. 1863இல், ரேபின் படித்த அதே பீட்டர்ஸ்பர்க் கலைக்கழகத்தில், புராணத் தலைப்பில் போட்டி ஓவியம் வரைய மாட்டோம் என்று 14 மாணவர்கள் வெளியேறினார்கள். அந்த வழியில் வந்தவர்கள் 1871 முதல் கண்காட்சியை ஊர் ஊராகக் கொண்டுபோனார்கள். பையனுக்கு இது பிடிக்கும்.

ஓவிய வாத்தியார்:
நன்றி. இல்லை என்றே சொல்லிவிடுகிறேன், பிறகு கானினின் பெயரைச் சொல்கிறேன். பெரிய அச்சுப் பிரதி எங்காவது கிடைக்குமா? என் செல்பேசியில் அந்தப் புகை தெரியவே இல்லை.