பிஎஸ்2 கிரிக்கெட் 07: பென்டிரைவில் ஓட்டினால் வர்ணனை திக்குகிறது, உதவி தேவை

கொழிஞ்சாம்பாறை ஓப்பனர்:
வணக்கம் நண்பர்களே. பாலக்காடு மாவட்டம் கொழிஞ்சாம்பாறையிலிருந்து எழுதுகிறேன். என்னிடம் இருப்பது பிஎஸ்2 (பிளேஸ்டேஷன் 2) ஸ்லிம், 79000 வரிசை. டிஸ்க் படிக்கிற லென்ஸ் போய்விட்டது. அதனால் மெமரி கார்டில் ஃப்ரீ மெக்பூட் (வெளி சாஃப்ட்வேரைத் திறக்க விடுகிற புரோகிராம்) ஏற்றி, கிரிக்கெட் 07 கேம் டிஸ்கைக் கம்ப்யூட்டரில் காப்பி எடுத்து, ஓபிஎல் என்கிற கேம் லோடர் வழியாகப் பென்டிரைவிலிருந்து ஓட்டுகிறேன். டாஸ் வரைக்கும் தொல்லையில்லை. ஆட்டம் தொடங்கியதும் வர்ணனையாளர் மார்க் நிக்கோலஸ் பாதி வாக்கியத்தில் நின்றுவிடுகிறார். பவுலர் ஓடி வரும்போது படம் உறைகிறது. அது தெளிவதற்குள் ஸ்டம்பு பறந்திருக்கும். பொள்ளாச்சி போய் 3.0 பென்டிரைவ் வாங்கி வந்தும் அதே கதைதான். ஓணம் லீவுக்கு மாமா பசங்க வந்துவிடுவாங்க. வழி சொல்லுங்க.

கோபாலபுரம் செக்போஸ்ட்:
விஎம்சி, அதாவது பென்டிரைவிலேயே ஃபைலாக இருக்கிற மெமரி கார்டு, போட்டிருக்கீங்களா? போட்டிருந்தால் எடுத்துவிடுங்க. சேவ் ஃபைலும் அதே யூஎஸ்பி வழியாகத்தான் போய் வரணும். அப்புறம், டிரைவை ஃபேட்32-இல் புதிதாக ஃபார்மேட் செய்து கேமை முதல் ஆளாக ஏற்றுங்க. பாட்டு, படம் அழித்த இடத்தில் ஏற்றினால் ஃபைல் துண்டு துண்டாக உட்காரும்.

கொழிஞ்சாம்பாறை ஓப்பனர்:
விஎம்சி இல்லைங்க. ஃபார்மேட் செய்து பார்த்தேன். உறைவது குறைந்திருக்கிறது, வர்ணனை இன்னும் திக்குகிறது.

வாளையார் பிக்சல்:
தம்பி, இனிமேல் பென்டிரைவுக்குக் காசு போடாதீங்க. பிஎஸ்2-வில் இருப்பது யூஎஸ்பி 1.1. நொடிக்கு 12 மெகாபிட், அதாவது என்ன செய்தாலும் ஒன்றரை எம்பி தாண்டாது. உள்ளே இருக்கும் டிவிடி டிரைவ் 4 எக்ஸ், ஐந்து எம்பிக்கு மேல் படிக்கும். கேமை எழுதியவர்கள் அந்த வேகத்தை நம்பித்தான் வர்ணனையை டிஸ்கிலிருந்து அவ்வப்போது இழுக்கிற மாதிரி வைத்தார்கள். 3.0 டிரைவும் இந்த ஓட்டைக்குள் 1.1 வேகத்தில்தான் போகும்.

உங்கள் ஸ்லிம்மின் பின்பக்கம் லேன் கேபிள் துளை இருக்கும். அதிலிருந்து ரௌட்டருக்கு ஒரு கேபிள், லேப்டாப்பும் அதே ரௌட்டரில். லேப்டாப்பில் ‘பிஎஸ்2எஸ்எம்பி’ என்று ஃபோல்டர் வைத்து ஷேர் செய்யுங்க. பெயரை ஆங்கிலத்தில்தான் அடிக்கணும். அதற்குள் ‘டிவிடி’ ஃபோல்டர், அதில் கேம். ஓபிஎல் நெட்வொர்க் செட்டிங்கில் லேப்டாப்பின் ஐபி முகவரியைக் கொடுத்தால் போதும். விண்டோஸில் எஸ்எம்பி1 என்கிற பழைய ஃபைல் ஷேரிங் முறையை ஆன் செய்யவேண்டி வரும். ஆடி முடித்ததும் மறக்காமல் அணைத்துவிடுங்க. 2017-இல் வான்னாக்ரை வைரஸ் பரவியது அந்த வழியாகத்தான்.

கோபாலபுரம் செக்போஸ்ட்:
ரௌட்டர் எல்லாம் வேண்டாம் என்றால் எம்எக்ஸ்4எஸ்ஐஓ அடாப்டர் வாங்கலாம். மெமரி கார்டு துளையில் எஸ்டி கார்டு போடுகிற சாமான். யூஎஸ்பியைவிட வேகம். இரண்டாவது துளையில் செருகணும், ஓபிஎல்லும் புதிய பதிப்பாக இருக்கணும்.

கொழிஞ்சாம்பாறை ஓப்பனர்:
கேபிள் போட்டாச்சு அண்ணா! இன்னொரு வர்ணனையாளர் ரிச்சி பெனோவும் ஒரு வார்த்தை விடாமல் பேசுகிறார். ஆனால் நீளமான மேட்சில் நடுவே திரை அப்படியே நின்றுவிடுகிறது.

வாளையார் பிக்சல்:
லேப்டாப் ஸ்லீப்புக்குப் போயிருக்கும். பவர் செட்டிங்கில் ‘நெவர்’ வைத்துவிட்டு ஆடுங்க.