மறுமொழி: குடியை நிறுத்தியதும் வரும் நோய்க்கு ஒரு சொல்

குழுவினர் அனைவருக்கும் வணக்கம். மலேசியாவின் சுங்கை சிப்புட்டிலிருந்து எழுதுகிறேன். பல வருஷம் குடித்தவர் திடீரென்று நிறுத்தினால் வரும் நோயைப் பற்றிய நம் துண்டறிக்கைக்கு, 'குடிநிறுத்த நோய்' என்ற சொல்லை முன்வைத்திருந்தேன். அதற்கு வந்த கருத்துகளுக்கு ஒவ்வொன்றாகப் பதில் சொல்கிறேன்.

> 'விலகல் அறிகுறிகள்' ஏற்கெனவே வழக்கில் இருக்கிறதே. புதுச்சொல் எதற்கு?

ஐயா, அகராதியில் அது இருக்கட்டும். ஆனால் இங்கே கிளினிக்கில் துண்டறிக்கையை வாங்கிப் படிக்கிற ஓர் அம்மா, யார் எதிலிருந்து விலகினார்கள் என்றுதான் கேட்பார். படித்த உடனே அவருக்கு இரண்டு விஷயம் விளங்க வேண்டும். ஒன்று, குடியை நிறுத்தியதால் வந்தது இது. இன்னொன்று, இது நோய், இதற்கு மருந்து இருக்கிறது. அதனால்தான் 'குடிநிறுத்த நோய்' என்று முன்வைத்தேன். 'வேலைநிறுத்தம்' தெரிந்த தோட்டத்து மக்களுக்குக் 'குடிநிறுத்தம்' என்ன என்று யாரும் விளக்க வேண்டியதில்லை. 1941 கிள்ளான் வேலைநிறுத்தத்தில் கள்ளுக்கடைகளை மூடச் சொல்லிக் கேட்டவர்கள் நம் தொழிலாளர்கள். குடியை எதிர்க்க அன்றிலிருந்து நம்மிடம் சொற்களுக்குக் குறைவே இல்லை. குடியை விட்டவனின் உடம்பு படும் பாட்டுக்குத்தான் சொல் இல்லை.

> அப்படியென்றால் நிறுத்துவதே நோய் என்று ஆகாதா? குடிக்கிறவருக்கு நல்ல சாக்காகிவிடும்.

மகப்பேற்றுக் காய்ச்சல் என்கிறோம். மகப்பேறே காய்ச்சல் என்று யாரும் எடுத்துக்கொள்வதில்லை. சாக்கு சொல்வார்கள் என்ற பயம் எனக்குப் புரிகிறது. ஆனால் சொல் இல்லாததால் வரும் கேடு அதைவிடப் பெரிது.

நான் தோட்டத்து ஆஸ்பத்திரியில் டிரசராக, அதாவது மருத்துவ உதவியாளராக இருந்தபோது, பல வருஷமாகத் தினமும் சம்சு என்கிற மலிவுச் சாராயம் குடித்து வந்த ஒருவர் தைப்பூசத்துக்குக் காப்புக் கட்டிக்கொண்டு ஒரே நாளில் நிறுத்தினார். முதல் நாள் கை நடுக்கம், வேர்வை, வாந்தி. மூன்றாம் நாள் கைலியில் எறும்பு ஊறுவதாக ஒவ்வொன்றாகக் கிள்ளி எடுத்துக் கீழே போட்டுக்கொண்டே இருந்தார். எறும்பே இல்லை. மனைவியை அடையாளம் தெரியவில்லை. வீட்டார் சாமி குற்றம் என்று முனியாண்டி கோயிலுக்குத் தூக்கிப் போனார்கள். எங்களிடம் வருவதற்குள் வலிப்பும் வந்துவிட்டது. அவர் பிழைத்தார். அப்படிப் பிழைக்காதவர்களும் உண்டு.

இதில் மர்மம் ஒன்றுமில்லை. மது மூளையை அடக்கி வைக்கிறது. வருஷக்கணக்கில் அப்படியே இருந்தால் மூளையும் தன் பரபரப்பைக் கூட்டிக்கொண்டு ஈடுகட்டுகிறது. மது திடீரென்று நின்றுபோனால் அந்தப் பரபரப்பு மட்டும் மிஞ்சுகிறது. கடைசியாகக் குடித்த சில மணி நேரத்தில் நடுக்கமும் தூக்கமின்மையும் தொடங்கும். வலிப்பு பெரும்பாலும் முதல் 48 மணி நேரத்துக்குள் வரும். புத்தி தடுமாறிப் பிதற்றும் நிலை இரண்டு மூன்று நாள் கழித்து வரும், ஆளைக் கொல்லக்கூடியது அதுதான். ஆகவே கிளைச்சொற்கள்: குடிநிறுத்த நடுக்கம், குடிநிறுத்த வலிப்பு, குடிநிறுத்தச் சன்னி.

> சன்னி பழங்காலச் சொல். காய்ச்சலோடு குழப்பிக்கொள்வார்கள்.

பழையதாக இருப்பதே அதன் பலம். 'சன்னி கண்டு பிதற்றுகிறான்' என்று எங்கள் பாட்டிமார் சொன்னது இந்த நிலையைத்தான். 'உளக்குழப்ப நிலை' என்று எழுதினால் அவசரம் தெரியாது. சன்னி என்றால் இன்றைக்கும் வண்டி பிடிக்க ஓடுவார்கள். ஆனால் குழந்தைக்குக் காய்ச்சலில் வரும் வலிப்பையும் ஜன்னி என்பவர்கள் இருக்கிறார்கள், அது உண்மை. அதனால் 'குடிநிறுத்த' என்ற முன்னொட்டை எங்கேயும் விடக்கூடாது.

> இளைஞர்கள் 'கியான்' என்கிறார்களே, அதையே எடுத்துக்கொண்டால் என்ன?

மலாயிலிருந்து வந்து நம் பேச்சில் ஒட்டிக்கொண்ட சொல்தான், டீச்சர். ஆனால் அது ஏக்கத்தை, வேட்கையைச் சொல்கிறது. கியான் வந்தவர் இன்னொரு கிளாஸ் கேட்பார். குடிநிறுத்த நோய் வந்தவருக்குத் தேவை படுக்கையும் மருந்தும். இரண்டையும் ஒன்றாக்கினால் வீட்டார் 'தாங்கிக்கொள்ளட்டும்' என்று கதவைப் பூட்டிவிடுவார்கள்.

அப்புறம், சிகிச்சைப் பகுதியில் 'மாற்று மருந்து' என்று ஒருவர் திருத்தியிருக்கிறார். வேண்டாம், அது வேறு வைத்தியமுறை போலத் தொனிக்கிறது. டயஸிபாம் போன்ற மருந்தை நோயின் கடுமைக்கேற்பக் கொடுத்து, நாளுக்கு நாள் குறைத்து நிறுத்துகிறார்கள். அதைப் 'படிக்குறைப்பு' என்போம். தையமின் என்கிற வைட்டமின் பி1 பற்றிய வரியை வெட்டாதீர்கள். நீண்ட நாள் குடித்தவரிடம் அது வற்றிப் போயிருக்கும். குளுக்கோஸ் ஏற்றும்போது அதைக் கொடுக்காமல் விட்டால் நினைவாற்றல் திரும்பாமலே போகலாம்.

'குடிஅடிமை'க்குப் பதிலாகக் 'குடிச்சார்பு' என்பதில் எல்லாருக்கும் சம்மதம் போலிருக்கிறது. சரி, அதை முடித்துக்கொள்வோம்.

துண்டறிக்கையின் முதல் வரியை இப்படி வைத்திருக்கிறேன்: 'பல வருஷமாகத் தினமும் குடித்தவர் திடீரென்று தானாக நிறுத்த வேண்டாம். முதலில் மருத்துவரைப் பாருங்கள். குடிநிறுத்த நோய் உயிரைப் பறிக்கலாம், ஆனால் அதற்கு மருந்து உண்டு.' சன்னி பற்றி இன்னும் மறுப்பு இருப்பவர்கள் அச்சுக்குப் போகும் முன் எழுதுங்கள். மற்றவற்றை இப்படியே அனுப்பிவிடுகிறேன்.