பாப்பாவுக்குப் பெர்பெத்துவா என்று பெயர் வைக்கலாமா?

குழு: வீட்டு ஆட்கள் மட்டும்

அம்மாச்சி: ஜெனி, பாப்பா பிறந்தது மார்ச் 7. கோயில் காலண்டரில் பார்த்தேன், அன்றைக்குப் புனித பெர்பெத்துவா, புனித பெலிசித்தா திருநாள். பிறந்த நாளுக்குரிய புனிதர் பெயரை ஞானஸ்நானத்துக்கு வைப்பதுதான் நம் வீட்டு வழக்கம். அருளிடமும் கேட்டுவிட்டுச் சொல்.

டேனி: பெர்... என்ன அம்மாச்சி?

டேனி: பாவம் அந்தப் பிள்ளை, எல்கேஜியில் தன் பெயரை எழுதி முடிப்பதற்குள் மணி அடித்துவிடுவார்கள்

சித்தப்பா: அதிலும் பெர்ஃப்யூம் பெர்ஃப்யூம் என்று கூப்பிடுவார்கள். பிலோமினா, செசிலியா என்று நம் ஊர் வாய்க்குப் பழகிய பெயர் எத்தனையோ இருக்கிறதே.

ஜெனி: இப்போதுதான் பால் கொடுத்துத் தூங்க வைத்தேன். நான் இந்தப் பெயரைக் கேட்டதே இல்லை அம்மாச்சி. தேடிப் பார்த்தால் "லத்தீன், அரிது, நிரந்தரமானவள்" என்று ஒரே ஒரு வரி வருகிறது. லில்லி அத்தை, நீங்கள்தான் வரலாறு டீச்சர், ஏதாவது தெரியுமா?

லில்லி அத்தை: கேட்டதில்லை என்று சொல்லாதே, பூசையில் கேட்டிருப்பாய். சாமியார் பூசையில் சொல்லும் நற்கருணை மன்றாட்டுகளில் முதலாவதில் கடைசிப் பக்கம் வரிசையாக வரும், பெலிசித்தா, பெர்பெத்துவா, ஆகத்தா, லூசியா, ஆக்னஸ், செசிலியா, அனஸ்தாசியா என்று. ஏழு பெண்கள். ஆனால் நம் சாமியார்கள் பெரும்பாலும் நீளம் குறைந்த இரண்டாவது மன்றாட்டைத்தான் எடுப்பார்கள், முதலாவதை எடுத்தாலும் இந்தப் பெயர்களை விட்டுவிட்டு வாசிக்க அனுமதி உண்டு, அப்புறம் எங்கிருந்து காதில் விழும்?

அம்மாச்சி: அந்தக் காலத்தில் லத்தீனில் பூசை வைக்கும்போது சாமியார் அந்த இடத்தைத் தனக்குள்ளேயே முணுமுணுப்பாக வாசிப்பார், எங்களுக்கு ஒன்றும் கேட்காது.

லில்லி அத்தை: அர்த்தம் கேட்டாயே ஜெனி. நிரந்தரம் என்று சொல்வதைவிட இடைவிடாதது, நடுவில் அறாதது என்று சொன்னால் சரியாக இருக்கும். புதன்கிழமை நவநாளுக்குப் போகிறோமே இடைவிடா சகாய மாதா, லத்தீனில் அந்த "இடைவிடா"வுக்கும் இதே சொல்தான். ஆக நம் வீட்டில் வாராவாரம் சொல்கிற வார்த்தைதான் இது.

டேனி: ஓ

சித்தப்பா: அர்த்தம் இருக்கட்டும் அக்கா, ஆள் யார்?

லில்லி அத்தை: அதைத்தான் சொல்ல வந்தேன், கொஞ்சம் நீளமாகப் போகும், நடுவில் யாரும் குட்மார்னிங் படம் போடாதீர்கள்.

லில்லி அத்தை: முழுப்பெயர் விபியா பெர்பெத்துவா. ஊர் கார்த்தேஜ், இன்றைக்குத் துனிசியாவில் துனிஸ் நகரத்தை ஒட்டி இருக்கிறது, அன்றைக்கு ரோமப் பேரரசின் ஆப்பிரிக்க மாகாணத்துக்குத் தலைநகர். இதில் விபியா என்பது அப்பா வழிக் குலப்பெயர். ரோமர்கள் பெண் பிள்ளைக்கென்று பெயர் யோசித்து மெனக்கெடுவதில்லை, அப்பா துல்லியுஸ் என்றால் மகள் துல்லியா, யூலியுஸ் என்றால் யூலியா, அவ்வளவுதான். மார்க் ஆண்டனிக்கு அந்தோனியா என்ற ஒரே பெயரில் இரண்டு மகள்கள், மூத்தவள் இளையவள் என்று சொல்லிப் பிரிப்பார்கள். பிற்பாடுதான் குலப்பெயருக்குப் பின்னால் இன்னொரு பெயர் சேர்க்கும் பழக்கம் பெண்களுக்கும் பரவியது. நம்மாள் பெர்பெத்துவா ஆனது அப்படித்தான்.

ஜெனி: ஒரே பெயரில் இரண்டு பெண்கள், கூப்பிட்டால் யார் திரும்பிப் பார்ப்பது

லில்லி அத்தை: 203-ஆம் ஆண்டு. வயது இருபத்திரண்டு போல. நல்ல குடும்பம், படித்தவள், கல்யாணம் ஆனவள், கையில் பால்குடி ஆண் குழந்தை. ஞானஸ்நானத்துக்குத் தயாராகிக்கொண்டிருந்தவளை இன்னும் சிலரோடு சேர்த்துப் பிடித்துவிட்டார்கள். காவலில் இருக்கும்போதுதான் ஞானஸ்நானமே வாங்கினாள். இதில் அதிசயம் என்னவென்றால் சிறையில் நடந்ததை அவளே எழுதியிருக்கிறாள், கையெழுத்துப் பிரதிகளாக அது நமக்குக் கிடைத்திருக்கிறது. அந்தக் காலத்துப் பெண்களைப் பற்றி ஆண்கள் எழுதியதுதான் மலைபோல் கிடக்கிறது, ஒரு பெண் தன்னைப் பற்றித் தானே எழுதி நம் கைக்கு வந்தது மிகக் குறைவு. நான் இந்தப் பெயருக்கு ஓட்டுப் போடுவது அதற்காகத்தான்.

டேனி: சிறை டைரியா அத்தை?

லில்லி அத்தை: அப்படித்தான் வைத்துக்கொள். முதல் நாள் உள்ளே தள்ளியதும் பயந்துவிட்டேன், இப்படி ஒரு இருட்டை நான் பார்த்ததே இல்லை என்று எழுதுகிறாள். ஆள் நெரிசலில் புழுக்கம், காவலர்கள் காசு பிடுங்குகிறார்கள், எல்லாவற்றுக்கும் மேல் குழந்தையை நினைத்துத் தவிப்பு. சபையைச் சேர்ந்த தெர்த்தியுஸ், பொம்போனியுஸ் என்று இரண்டு தியாக்கோன்கள், அதாவது திருத்தொண்டர்கள், காவலர்களுக்குக் காசு கொடுத்துச் சில மணி நேரம் நல்ல இடத்துக்கு மாற்ற வைக்கிறார்கள். அங்கே உட்கார்ந்து, பசியில் துவண்டு கிடந்த பிள்ளைக்குப் பால் கொடுக்கிறாள். அப்புறம் குழந்தையைத் தன்னோடு வைத்துக்கொள்ள அனுமதி கிடைக்கிறது, உடனே சிறையே எனக்கு அரண்மனை ஆகிவிட்டது, வேறு எங்கும் இருக்கப் பிடிக்கவில்லை என்கிறாள்.

ஜெனி: 😢

சித்தப்பா: அக்கா, அவள் வீட்டுக்காரர் எங்கே?

லில்லி அத்தை: கல்யாணம் ஆனவள் என்று மட்டும் இருக்கிறது, ஆளைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. அறிஞர்கள் ஆளுக்கொரு ஊகம் சொல்கிறார்கள். எழுத்து முழுக்க அப்பாதான் வருகிறார். அவர் கிறிஸ்தவர் இல்லை. என் நரைத்த தலையைப் பார், உன் அம்மாவைப் பார், நீ போனால் உன் பிள்ளை பிழைக்காது என்று கையை முத்தமிட்டு, காலில் விழுந்து, மகளே என்று கூப்பிடாமல் அம்மணி என்று கூப்பிட்டு அழுகிறார். விசாரணை மேடைக்கும் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வருகிறார். அதிகாரி ஹிலாரியானுஸ், பேரரசர்களின் நலனுக்காக ஒரு பலி செலுத்து, போதும் என்கிறான். மாட்டேன் என்கிறாள். நீ கிறிஸ்தவளா? ஆமாம். முடிந்தது, அரங்கத்தில் மிருகங்களுக்குப் போடச் சொல்லித் தீர்ப்பு. மன்றாடிக்கொண்டே நின்ற அப்பாவைக் கம்பால் அடித்துத் தள்ளச் சொல்கிறான், அந்த அடி என்மேல் விழுந்ததுபோல் இருந்தது என்று எழுதுகிறாள்.

சித்தப்பா: ஒரு பலி செலுத்தினால் விட்டுவிடுவார்கள் என்றால் செலுத்திவிட்டு வீட்டுக்குப் போய் ஜெபம் பண்ணியிருக்கலாமே.

அம்மாச்சி: வாயைக் கழுவு. சாட்சியம் என்றால் அதுதான்.

சித்தப்பா: கேட்டது தப்பா அம்மாச்சி

ஜெனி: சித்தப்பா கேட்டதில் எனக்கும் பாதி உண்டு அம்மாச்சி, கோபிக்காதீர்கள். எனக்குப் பிள்ளை பிறந்து இன்னும் பதினாறு நாள் ஆகவில்லை, ராத்திரி அவள் சிணுங்கினாலே நெஞ்சு அடைக்கிறது. பால்குடி பிள்ளையை விட்டுவிட்டுச் சாகப் போனவள் பெயரை என் பிள்ளைக்கு வைத்துத் தினமும் கூப்பிட வேண்டுமா? அவள் பெரிய ஆள்தான், மறுக்கவில்லை. ஆனால் கூப்பிடும்போதெல்லாம் அந்தக் குழந்தை ஞாபகம்தானே வரும்?

அருள்: ஜெனி காலையிலிருந்து இதையேதான் சொல்லிக்கொண்டிருக்கிறாள் சித்தி.

லில்லி அத்தை: நியாயமான கேள்வி ஜெனி, விசுவாசம் என்று ஒரே வார்த்தையில் மூடிவிட மாட்டேன். அவளும் மூடவில்லை. தீர்ப்புக்குப் பிறகு குழந்தையைக் கொண்டுவரச் சொல்லிப் பொம்போனியுஸை அனுப்புகிறாள், அப்பா தர மறுக்கிறார். அதற்கப்புறம் எழுதியிருப்பதைக் கேள். பிள்ளை பால் கேட்பதை விட்டுவிட்டான், எனக்கும் மார்பில் பால் கட்டி வலிக்கவில்லை, ஆக பிள்ளைக் கவலையும் மார்பு வலியும் சேர்ந்து என்னை வதைக்காமல் கடவுள் பார்த்துக்கொண்டார் என்கிறாள். பால் கட்டினால் என்ன வேதனை என்று உனக்கு இப்போது தெரியும். தியாகம் அது இது என்று வசனம் எழுதாமல் இதை எழுதி வைத்தாள் பார், அந்த இடத்தில்தான் நான் அவளை நம்புகிறேன். பிள்ளைமேல் பாசம் இல்லாமல் போனவள் என்று மட்டும் என்னால் நினைக்க முடியாது. அவள் செய்தது சரியா என்று கேட்டால் எனக்கு வாய் வராது.

ஜெனி: அந்த வரி எனக்குத் தெரியாது அத்தை

அம்மாச்சி: பால் மறந்துவிட்டதே அந்தப் பிள்ளை. மாதாவே.

டேனி: 🙏 கூட இருந்த பெலிசித்தா?

லில்லி அத்தை: அவள் அடிமைப் பெண், எட்டு மாதக் கர்ப்பிணி. கர்ப்பிணியைக் கொல்லக் கூடாது என்று ரோமச் சட்டம், அதனால் தன்னை மட்டும் தனியாக வேறொரு நாள் கொண்டுபோவார்களோ என்று அவளுக்குக் கவலை. எல்லோரும் சேர்ந்து ஜெபம் செய்கிறார்கள், உடனே வலி எடுத்துச் சிறையிலேயே பெண் குழந்தை பிறக்கிறது, சபையைச் சேர்ந்த ஒரு பெண் அதைத் தன் மகளாக வளர்த்தாள். மார்ச் 7-ஆம் தேதி, பேரரசர் செவேருஸின் இளைய மகன் கெத்தாவின் பிறந்தநாள் விளையாட்டு என்று இவர்களை அரங்கத்துக்குக் கொண்டுபோனார்கள். சில வருடம் கழித்து அந்தக் கெத்தாவை அவன் அண்ணனே கொன்றான், அது தனிக் கதை. வாசலில் பெண்களைச் செரஸ் தெய்வத்தின் பூசாரிகள் மாதிரி வேடம் போடச் சொன்னார்கள். இதைச் செய்யாமல் இருக்கத்தானே உயிரையே கொடுக்க வந்திருக்கிறோம் என்று பெர்பெத்துவா சண்டை பிடிக்க, அதிகாரி விட்டுக்கொடுத்துவிட்டான்.

டேனி: கெத்துதான் 🔥

லில்லி அத்தை: காட்டுப் பசு முட்டித் தூக்கி எறிந்தது. எழுந்து உட்கார்ந்ததும் கிழிந்த உடையை இழுத்துத் தொடையை மூடிக்கொண்டாள், ஒரு கொண்டை ஊசி கேட்டு வாங்கிக் கலைந்த முடியை முடிந்தாள். தலைவிரி கோலம் துக்கத்துக்கு அடையாளம், அழுதுகொண்டு போகிறாள் என்று யாரும் நினைக்கக் கூடாது. அப்புறம் பெலிசித்தாவுக்குக் கை கொடுத்துத் தூக்கிவிட்டாள். இந்தக் கடைசிப் பகுதி மட்டும் கூட இருந்து பார்த்த வேறு யாரோ எழுதியது.

அம்மாச்சி: நம் வீட்டுப் பெண்கள் மாதிரியே முடியை முடிந்திருக்கிறாள்.

சித்தப்பா: சரி, இவ்வளவு பெரிய ஆள் என்றால் உலகம் முழுக்க இந்தப் பெயர் இருக்க வேண்டுமே. லூசியாவும் செசிலியாவும் தெருவுக்குத் தெரு இருக்கிறார்கள், இது ஏன் இல்லை?

லில்லி அத்தை: ஒரு காலத்தில் வட ஆப்பிரிக்காவில் பெரிய மரியாதை, புனித அகுஸ்தீனே இவர்கள் திருநாளில் பிரசங்கம் வைத்திருக்கிறார், பெர்பெத்துவா, பெலிசித்தா இரண்டையும் சேர்த்தால் முடிவில்லாத பேரின்பம் என்று பெயரை வைத்தே விளையாடுவார். ஐரோப்பாவில் ஏன் ஓடவில்லை என்பதற்கு ஒரே காரணம் சொல்ல முடியாது, ஆனால் இத்தாலியில் கேலியாகிப் போனது. 19-ஆம் நூற்றாண்டில் அங்கே மிகப் புகழ்பெற்ற ஒரு நாவலில் பங்குச் சாமியார் வீட்டு வேலைக்காரிக்கு இந்தப் பெயர், வாயாடி, ரகசியம் தங்காது. அதிலிருந்து சாமியார் வீட்டில் சமைத்துப் போடுகிற அம்மா யாராக இருந்தாலும் இத்தாலிய மொழியில் பெர்பெத்துவா என்றே ஆகிவிட்டது.

சித்தப்பா: 😂😂 அப்படியானால் நம் பங்குச் சாமியார் வீட்டில் சமைக்கும் அக்காவும் பெர்பெத்துவாதான்

டேனி: அத்தை ஒரு நிமிடம். பெர்பெத்துவா என்று ஒரு ஆங்கில எழுத்துரு இருக்கிறதே! கடையில் கல்யாணப் பத்திரிகைக்குப் பெண் மாப்பிள்ளை பெயரை அதில்தான் போடுவேன், கல்லில் வெட்டினது மாதிரி இருக்கும். அதுவும் இந்தப் பெயரா?

லில்லி அத்தை: இவள் பெயர்தான். எரிக் கில் என்ற ஆங்கிலேயச் சிற்பி வடிவமைத்தது, கல்லில் எழுத்து வெட்டுகிறவர், அதனால் அந்தச் சாயல். முதன்முதலில் அதில் அச்சானதே இந்தச் சிறைக் குறிப்பின் ஆங்கில மொழிபெயர்ப்புதான். அதன் சாய்வெழுத்துக்கு முதலில் பெலிசிட்டி என்று பெயர் வைத்திருந்தார்கள்.

டேனி: இத்தனை வருடமாக இந்தப் பெயரைச் சொடுக்கிக்கொண்டே இருந்திருக்கிறேன் 🤦

அருள்: சித்தி, ஒரு சந்தேகம். வீட்டில் எப்படிக் கூப்பிடுவது? பெர்பெத்துவா பெர்பெத்துவா என்று பின்னாலேயே ஓட முடியாது.

டேனி: பெர்பி

சித்தப்பா: துவா. நன்றாகத்தானே இருக்கிறது.

அம்மாச்சி: பெத்து என்று கூப்பிடுவேன். பெத்து, பேத்து, எதுவானாலும் என் கொள்ளுப்பேத்திதானே.

ஜெனி: பெத்து வேண்டாம் அம்மாச்சி 😭

ஜெனி: அருளிடம் பேசினேன். ஞானஸ்நானத்துக்குப் பெர்பெத்துவா இருக்கட்டும். பள்ளிக்கூடத்தில் போட வேறு பெயர் வேண்டுமா என்று நாங்கள் இன்னும் முடிவு செய்யவில்லை, அதற்குள் யாரும் ஊரெல்லாம் சொல்லி வைக்காதீர்கள், முக்கியமாகச் சித்தப்பா. அத்தை, நீங்கள்தான் ஞானத்தாய். மறுக்கக் கூடாது.

லில்லி அத்தை: மறுப்பேனா? சாமியாரிடம் தேதி கேட்டுச் சொல், பள்ளியில் பரீட்சை வேலை இருக்கிறது, அதற்குத் தகுந்தபடி லீவு சொல்ல வேண்டும்.

சித்தப்பா: மாப்பிள்ளை, பிறப்புச் சான்றிதழில் பெயரைச் சேர்க்க ஒரு வருடம் வரைக்கும் கட்டணம் கிடையாது. அவசரப்பட்டு ஆங்கில எழுத்தைத் தப்பும் தவறுமாகக் கொடுத்துவிடாதீர்கள், அப்புறம் திருத்துவதற்கு அலைய வேண்டியிருக்கும்.

டேனி: எழுத்தை நான் தட்டி அனுப்புகிறேன், பெர்பெத்துவா எழுத்துருவிலேயே.