பதில் முந்தி வருகிற மொழி: மூணு காலத்தையும் தூக்கலாமா?

தக்கலைக்காரன்:
மக்களே, நம்ம கதைக்கு மொழி கட்டியாச்சு. நாகர்கோவில்ல நிலையம். 4.24 ஒளியாண்டு தள்ளி, சூரியனுக்கு அடுத்து நமக்குக் கிட்ட இருக்க நட்சத்திரம் பிராக்சிமா சென்டாரி, அது பக்கம் கப்பல். சாதாரண ரேடியோவுல "சாப்பிட்டியா"ன்னு கேட்டா பதில் வர எட்டு வருஷத்துக்கும் மேல ஆவும். அதனால உடனே போய்ச் சேருற அலை வச்சிருக்கேன். மூணு காலத்தையும் தூக்கிட்டு ரெண்டே விகுதி. கேட்டதுக்குச் சொன்னா '-ணை', தானாச் சொன்னா '-தூ'. "மழை பெய்ணை"ன்னா நீ கேட்டதால சொல்லுதேன். "மழை பெய்தூ"ன்னா சும்மா சொல்லுதேன்.

மார்த்தாண்டம் பிசிக்ஸ்:
'உடனே'ன்னா யாரு கணக்குல உடனே? தூரத்துல நடக்குற ரெண்டு சம்பவம் ஒரே நேரத்துலயா இல்லியாங்கிறது பாக்குறவன் வேகத்தைப் பொறுத்ததுன்னு ஐன்ஸ்டைன் 1905லயே சொல்லியாச்சு. உம்ம கப்பல் ஒளிவேகத்துல பாதி வேகத்துல விலகிப் போவுதுன்னு வையும். நீர் உம்ம கணக்குப்படி உடனே அனுப்புதீர், அவன் அவன் கணக்குப்படி உடனே பதில் போடுதான். அந்தப் பதில் நாகர்கோவிலுக்கு வர்றது, நீர் கேக்குறதுக்கு ரெண்டு வருஷம் முந்தி! இந்தச் சிக்கலை டோல்மன்னு ஒரு இயற்பியல்காரர் 1917லயே எழுதிட்டார். தள்ளித் தள்ளி இருக்க ரெண்டு துகளோட அளவு ஒண்ணுக்கொண்ணு ஒத்துப்போற குவாண்டம் பின்னலைக் காட்டித் தப்பவும் முடியாது, அதுல சேதி ஏறாது.

அதங்கோட்டான்:
காலத்தை எதுக்குத் தூக்கணும்? தொல்காப்பியம் அரங்கேறினது எங்க ஊரு அதங்கோட்டாசான் முன்னாலன்னு சொல்லுவோம், அதுலயே வழி இருக்கு. "வாராக் காலத்தும் நிகழுங் காலத்தும் ஓராங்கு வரூஉம் வினைச்சொற் கிளவி, இறந்த காலத்துக் குறிப்பொடு கிளத்தல், விரைந்த பொருள என்மனார் புலவர்." அவசரம்னா நடக்குறதையும் நடக்கப்போறதையும் நடந்து முடிஞ்சதாச் சொல்லலாம்னு அர்த்தம். குளிச்சிட்டு நிக்கவன் போன்ல "இன்னா வந்துட்டேன்"ங்கான். விரைவுன்னா காலம் மாறலாம். ஒளியையே முந்துற உம்ம அலையை விட விரைவு வேறென்ன உண்டு?

மார்த்தாண்டம் பிசிக்ஸ்:
அண்ணே, அவன் இன்னும் துண்டோட நிக்கான்னு கேக்குறவனுக்கும் தெரியும். எது முந்தி எது பிந்தின்னு ரெண்டு பேருக்கும் ஒரே கணக்கு. இங்க அந்தக் கணக்கே ரெண்டு. சூத்திரம் நல்லாத்தான் இருக்கு, இடம் இது இல்ல.

குளச்சல் கடல்:
போட்டுல வயர்லெஸ்ல ஒருத்தன் பட்டனை அமுக்கிப் பேசும்போது அவனுக்கு மத்தவன் சத்தம் கேக்காது. 'ஓவர்' சொல்லி விட்டாத்தான் அடுத்தவன் முறை. விகுதி எல்லாம் எதுக்கு? சேதிக்கு நம்பர் போடுங்க. "உன் 7க்கு இது பதில்", தீந்துச்சு.

தக்கலைக்காரன்:
நம்பர் யோசனையை எடுத்துக்கிட்டேன். '-ணை' போட்டா கேட்ட வாக்கியத்தையும் அப்படியே திருப்பிச் சொல்லணும்னு விதி. ஆக, நான் இன்னும் கேக்காத கேள்வி என் பேருலயே எனக்கு வந்து சேரும்.

மார்த்தாண்டம் பிசிக்ஸ்:
அதைப் படிச்சிட்டு நீர் கேக்காம விட்டா?

தக்கலைக்காரன்:
விட முடியாது. '-ணை' வந்துட்டா அந்தக் கேள்வியைக் கேட்டே ஆவணும். மத்த வாக்கியம் எல்லாம் பிழை.

மார்த்தாண்டம் பிசிக்ஸ்:
அது இலக்கணமா, போலீசா? வாயை மூடிக்கிட்டு இருக்கவனை எந்த விதி புடிக்கும்?

அதங்கோட்டான்:
பிழைன்னா வழு, பிழை இல்லன்னா வழாநிலை, பிழைன்னாலும் ஏத்துக்கிட்டா வழுவமைதின்னு இலக்கணத்துல பிரிச்சு வச்சிருக்கதே அதுக்குத்தான். சும்மா இருக்கதையும் ஒரு வழுவாச் சேரு. எனக்கு இப்பம்தான் கதை புடிக்குது. கேக்கணும்னு கட்டாயப்பட்டு ஒருத்தி ரெண்டு வருஷம் ஒரு கேள்வியைச் சுமக்கா, பதிலோ ஏற்கனவே கையில.

குளச்சல் கடல்:
அவ கேக்குறதுக்குள்ள செத்துப்போனா?

தக்கலைக்காரன்:
பதில் வந்திருக்குன்னா சாகமாட்டா. அதான் கதை.

மார்த்தாண்டம் பிசிக்ஸ்:
சரி, கதைன்னு விடுதேன். ஆனா கப்பல் ஒருநாள் திரும்பி வருமில்லா? அதே தூரத்துல, அதே வேகத்துல நம்மள நோக்கி வந்தா கணக்குத் தலைகீழ். உடனே போட்ட பதில் ரெண்டு வருஷம் பிந்தி வரும். உம்ம '-ணை' அங்க என்ன செய்யும்னு மூணாம் அத்தியாயத்துல எழுதும், பாப்போம்.