குட்டிப் பையனுக்கு ஃபிரீட்ரிஷ் என்று பெயர் வைக்கலாமா?

தங்கச்சி (ஹாலே, ஜெர்மனி): எல்லோருக்கும் வணக்கம். குட்டிப் பையன் நன்றாகப் பால் குடிக்கிறான், தூங்குகிறான். பெயர் விஷயமாக உங்களிடம் பேச வேண்டும். அவர் வீட்டில் ஃபிரீட்ரிஷ் என்று வைக்க ஆசைப்படுகிறார்கள். அவருடைய தாத்தா பெயர். எனக்கும் பிடித்திருக்கிறது. நீங்கள் என்ன சொல்கிறீர்கள்?

அம்மா: முதலில் நீ நேரத்துக்குச் சாப்பிடு. பெயர் எங்கள் வாயில் நுழையுமா?

நான்: எப்போதுக்குள் முடிவு செய்ய வேண்டும்?

தங்கச்சி (ஹாலே): பிறப்புப் பதிவு அலுவலகத்துக்கு ஒரு மாதத்துக்குள் பெயரைச் சொல்லிவிட வேண்டும் அண்ணா. குழந்தைக்குக் கெடுதல் தரும் பெயர் என்று தோன்றினால் இங்கே அதிகாரிகள் பதிய மறுத்துவிடுவார்கள். இந்தப் பெயருக்கு அந்தக் கவலை இல்லை. ஆயிரம் வருஷத்துக்கு மேல் புழக்கத்தில் இருக்கிற பெயர்.

தஞ்சை சித்தி: தாத்தா பெயர்தானே? நம் வீட்டிலும் அதுதானே வழக்கம். அர்த்தம் என்னம்மா?

தங்கச்சி (ஹாலே): பழைய ஜெர்மன் மொழியில் இரண்டு சொல் சேர்ந்தது சித்தி. முன்பாதி 'ஃபிரிது', அமைதி. பின்பாதி 'ரீஹ்', வல்லமை உள்ளவன், ஆள்பவன். அந்தக் காலத்து ஜெர்மன் பெயர்கள் பெரும்பாலும் இப்படித்தான். நம் ஊரில் ராஜசேகரன், குணசேகரன், சந்திரசேகரன் என்று ஒரே வாலில் பல பெயர் வருகிறதே, அதைப் போல ஹைன்ரிஷ், டீட்ரிஷ், ஃபிரீட்ரிஷ் எல்லாம் ஒரே வால். ஹைன்ரிஷ் வீட்டை ஆள்பவன், டீட்ரிஷ் மக்களை ஆள்பவன். சீக்ஃபிரீட், கோட்ஃபிரீட் என்ற பெயர்களில் அதே அமைதி பின்னால் வரும்.

தங்கச்சி (ஹாலே): இன்னொன்று. அந்த 'ஃபிரிது' சும்மா சண்டை இல்லாத நிலை மட்டும் இல்லை. பாதுகாப்பு என்ற பொருளும் அதில் உண்டு. இன்றைக்கும் வீட்டைச் சுற்றிப் போடும் வேலிக்கும் மதிலுக்கும் இங்கே 'ஐன்ஃபிரீடுங்' என்றுதான் கட்டட விதிகளில் எழுதுகிறார்கள். வேலிக்குள் இருப்பவர்களுக்கு ஒன்றும் ஆகாமல் பார்த்துக்கொள்ளும் பலசாலி. நான் அப்படித்தான் இந்தப் பெயரைப் புரிந்துகொள்கிறேன்.

பெரியப்பா: அம்மாடி, அர்த்தம் நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் நான் முப்பது வருஷம் வரலாறு நடத்தியவன், மனதில் பட்டதைச் சொல்லிவிடுகிறேன். எனக்கு இந்தப் பெயர் என்றால் பழைய ஜெர்மன் அரசான பிரஷ்யாவின் மகா ஃபிரெடரிக்தான். 1740இல் பட்டத்துக்கு வந்தார், அதே வருஷம் டிசம்பரில் சைலீசியா மீது படையெடுத்தார். பிறகு 1756 முதல் 1763 வரை ஏழாண்டுப் போர். அமைதி என்ற பெயரை வைத்துக்கொண்டு பல வருஷங்களைப் போர்க்களத்தில் கழித்தவர்.

தம்பி: பார்பரோசாவை விட்டுவிட்டீர்களே பெரியப்பா. அவரும் ஃபிரீட்ரிஷ்தான். சிவப்புத் தாடிப் பேரரசர். சிலுவைப் போருக்குப் போகும் வழியில் 1190இல் இன்றைய துருக்கியில் ஒரு ஆற்றில் மூழ்கி இறந்தார். 1941இல் ஹிட்லர் சோவியத் மீது படையெடுத்தபோது அந்தத் திட்டத்துக்கே பார்பரோசா என்று பெயர் வைத்தான்.

அம்மா: என்னடா இது, பச்சைக் குழந்தைக்குப் பெயர் பேசும்போது!

தம்பி: அக்கா கேட்டதால் சொன்னேன் அத்தை. முதல் உலகப் போர்ப் படங்களில் ஜெர்மன் சிப்பாய்களை எதிரணியினர் 'ஃபிரிட்ஸ்' என்று கூப்பிடுவார்களே, அதுகூட ஃபிரீட்ரிஷின் செல்லப் பெயர்தான். அவ்வளவு பேர் அந்தப் பெயரில் இருந்திருக்கிறார்கள்.

தங்கச்சி (ஹாலே): நீ சொன்னது எல்லாம் உண்மைதான்டா. இவருக்கும் அந்தத் தயக்கம் இருந்தது. இரண்டாவது உலகப் போருக்குப் பிறகு இங்கே இந்த மாதிரி பழைய அரச பெயர்களைப் பெற்றோர் வெகுவாகக் குறைத்துவிட்டார்கள். இவர் வயதுக்காரர்களில் இந்தப் பெயர் அபூர்வம். இப்போது மறுபடி வருகிறது. எங்கள் தெருவிலேயே ஒரு குட்டி ஃபிரீட்ரிஷ் மிதிவண்டி ஓட்டிப் பழகுகிறான்.

தம்பி: இப்போதைய ஜெர்மன் சான்சலரும் ஃபிரீட்ரிஷ்தானே? மெர்ட்ஸ்.

தங்கச்சி (ஹாலே): ஆமாம், 1955இல் பிறந்தவர். 2025 மே மாதம் பதவிக்கு வந்தார். ஆனால் நான் நினைப்பது வேறு ஒரு ஃபிரீட்ரிஷை. பெரியப்பா, சாக்சனியின் ஃபிரீட்ரிஷ் பற்றி நீங்களே சொல்லுங்களேன், உங்களுக்குத்தான் அழகாகச் சொல்ல வரும்.

பெரியப்பா: லூதரைக் காப்பாற்றியவரா? ஞானி ஃபிரெடரிக்! ஆமாம், அவரை எப்படி மறந்தேன். 1502இல் விட்டன்பெர்க் பல்கலைக்கழகத்தைத் தொடங்கியவர். அங்கே ஆசிரியராக இருந்த மார்ட்டின் லூதர் போப்பை எதிர்த்து எழுதினார். 1521இல் வோர்ம்ஸ் சபையில் பேரரசர் முன்னால் நிறுத்தினார்கள், எழுதியதைத் திரும்பப் பெற மாட்டேன் என்றார். அதற்குப் பிறகு அவரை யார் வேண்டுமானாலும் பிடிக்கலாம், அடைக்கலம் கொடுப்பது குற்றம் என்று பேரரசின் ஆணை வந்தது. ஆணை வருவதற்குள்ளேயே ஃபிரெடரிக் ஒரு ஏற்பாடு செய்துவிட்டார். ஊர் திரும்பும் வழியில் காட்டுக்குள் குதிரை வீரர்கள் வந்து லூதரைக் கடத்துவது போலத் தூக்கிப் போய் வார்ட்பர்க் கோட்டையில் வைத்தார்கள். தாடி வளர்த்து, வேறு பெயரில், ஏறக்குறைய பத்து மாதம் அங்கே இருந்தார். புதிய ஏற்பாட்டை ஜெர்மனில் மொழிபெயர்த்தது அந்தக் கோட்டையில்தான்.

தங்கச்சி (ஹாலே): அதில் எனக்கு ரொம்பப் பிடித்தது என்ன தெரியுமா? அந்த ஃபிரீட்ரிஷ் பழைய முறைப் பக்தர். புனிதர்களின் எலும்பு, துணித்துண்டு என்று ஆயிரக்கணக்கில் சேர்த்து வைத்திருந்தவர். லூதர் அதையெல்லாம் குறை சொன்னவர். அப்படியும், தன் நாட்டு மனிதனை விசாரிக்காமல் யாரும் எரித்துவிடக் கூடாது என்று நின்றார். லூதரோடு பேச வேண்டியதை எல்லாம் தன் செயலர் ஷ்பலாட்டின் மூலமாகவே நடத்தினார். அந்தப் பெயருக்கு அர்த்தமாக வாழ்ந்தவர் யார் என்று யாராவது கேட்டால் நான் இவரைத்தான் காட்டுவேன்.

பெரியப்பா: சரியாகச் சொன்னாய். வேலி என்றாயே, கோட்டை மதிலே போட்டுவிட்டார் அந்த மனிதர்.

நான்: எனக்கு ஒரு குழப்பம். இரண்டாம் ஃபிரெடரிக் என்று தேடினால் பருந்து வைத்திருக்கும் ஒருவரும் வருகிறார், புல்லாங்குழல் வாசிக்கும் ஒருவரும் வருகிறார். எது யார்?

பெரியப்பா: இரண்டு பேரும் வேறு வேறு. பருந்துக்காரர் 1194இல் பிறந்த புனித ரோமப் பேரரசர், பார்பரோசாவின் பேரன். பருந்து வளர்ப்பு பற்றிப் பெரிய நூல் எழுதியவர். புல்லாங்குழல்காரர் நான் முதலில் சொன்ன பிரஷ்ய அரசர். ஒவ்வொரு நாடும் தன் கணக்கில் ஒன்று, இரண்டு என்று எண்ணும். மூன்றாம் ஃபிரெடரிக்கும் அப்படித்தான். லூதரைக் காத்தவர் சாக்சனிக் கணக்கில் மூன்றாமவர். 1888இல் 99 நாள் மட்டும் ஆண்டு புற்றுநோயில் இறந்த ஜெர்மன் பேரரசரும் மூன்றாமவர்.

தங்கச்சி (ஹாலே): தாத்தா பெயர் என்று சித்தி சொன்னார்களே, அந்தப் பிரஷ்ய அரசருக்கும் அதே கதைதான். 1712இல் அவர் பிறந்தபோது தாத்தா முதலாம் ஃபிரீட்ரிஷ் சிம்மாசனத்தில் இருந்தார். அதற்கு முன் பிறந்த இரண்டு அண்ணன்களும் கைக்குழந்தையிலேயே போய்விட்டார்கள். பேரன் பிழைக்க வேண்டும் என்று எவ்வளவு வேண்டியிருப்பார்கள் பாருங்கள். அப்புறம், அவரைப் பற்றி நல்லதும் ஒன்று சொல்ல வேண்டும். பட்டத்துக்கு வந்த சில நாளிலேயே விசாரணையில் சித்திரவதை செய்வதைப் பெரும்பாலும் நிறுத்தினார். 1756இல் சைலீசியாவில் உருளைக்கிழங்கு பயிரிட வைக்கும்படி அதிகாரிகளுக்கு ஆணை போட்டார். அதுவரை ஜனங்களுக்கு அந்தக் கிழங்கின் மேல் நம்பிக்கை கிடையாது.

தங்கச்சி (ஹாலே): (படம்) இது போன வருஷம் போட்ஸ்டாமில் எடுத்தது. அவருடைய கல்லறை. தரையில் பதித்த சாதாரணக் கல், பெயர் மட்டும்தான் இருக்கிறது. மேலே பாருங்கள், வருகிறவர்கள் வைத்துவிட்டுப் போன உருளைக்கிழங்கு. சிலது முளை விட்டிருக்கிறது. பக்கத்தில் வரிசையாக இருப்பது அவருடைய நாய்களின் கல். நாய்களுக்குப் பக்கத்தில் புதைக்கச் சொல்லியிருந்தார். பட்டத்துக்கு வந்த தம்பி மகன் அதைக் கேட்காமல் தேவாலயத்தில் அப்பா பக்கத்தில் வைத்துவிட்டார். 1991இல்தான், இறந்து 205 வருஷம் கழித்து, இங்கே கொண்டு வந்தார்கள்.

அம்மா: பாவம். கிழங்கு வைத்துக் கும்பிடுகிறார்களா?

தங்கச்சி (ஹாலே): கும்பிடுவது இல்லை அம்மா, நன்றி சொல்வது மாதிரி.

தஞ்சை சித்தி: எனக்கு ரொம்ப நேரமாக ஒன்று சொல்ல வேண்டும் என்று இருக்கிறது. அந்தக் காலத்தில் இங்கே இருந்த ஜெர்மன் பாதிரியார், நம் சுவார்ட்ஸ் ஐயர், அவர் முழுப் பெயர் கிறிஸ்டியன் ஃபிரெடரிக் சுவார்ட்ஸ் இல்லையா? சிவகங்கைக் குளத்துப் பக்கம் இருக்கிற தேவாலயத்தில் பெயரைப் பார்த்திருக்கிறேன்.

தங்கச்சி (ஹாலே): ஆமாம் சித்தி! அவர் படித்தது இந்த ஹாலே ஊரில்தான். 1750இல் தரங்கம்பாடிக்கு வந்தார், திருச்சியில் இருந்தார், கடைசியில் தஞ்சாவூர். 1798இல் அங்கேயே இறந்தார். கிளம்புவதற்கு முன்பே இங்கே தமிழ் கற்கத் தொடங்கியிருந்தார். எங்கள் வீட்டிலிருந்து டிராமில் போகிற தூரத்தில் ஃபிராங்கே அறக்கட்டளை இருக்கிறது. அதன் காப்பகத்தில் அந்தக் காலத்தில் நம் ஊரிலிருந்து வந்த தமிழ் ஓலைச்சுவடிகள் இன்றைக்கும் இருக்கின்றன.

தஞ்சை சித்தி: தேவாலயத்தில் அந்த வெள்ளைப் பளிங்குச் சிற்பத்தைப் பார்த்திருக்கிறாயா? ஐயர் கட்டிலில் படுத்திருப்பார், சரபோஜி மகாராஜா பக்கத்தில் நின்று கையைப் பிடித்துக்கொண்டிருப்பார். சிறு வயதில் அரண்மனைச் சண்டையில் சிக்கிய பிள்ளையை ஐயர்தான் காப்பாற்றிப் படிக்க வைத்தார். அந்த நன்றிக்கு மகாராஜா லண்டனில் செய்யச் சொல்லி வரவழைத்தது.

பெரியப்பா: ஜான் ஃபிளாக்ஸ்மன் செதுக்கியது. நல்ல நேரத்தில் ஞாபகப்படுத்தினாய். அடைக்கலம் கொடுத்த ஃபிரெடரிக் நம் ஊரிலேயே இருந்திருக்கிறார். எனக்கு இப்போது இந்தப் பெயரின் மேல் மனத்தாங்கல் இல்லை.

தம்பி: தத்துவ அறிஞர் நீட்சேவும் ஃபிரீட்ரிஷ். 1844 அக்டோபர் 15, அன்றைக்கு அரசர் நான்காம் ஃபிரீட்ரிஷ் வில்ஹெல்முக்குப் பிறந்த நாள். அதனால் அவர் அப்பா மகனுக்கு ஃபிரீட்ரிஷ் வில்ஹெல்ம் என்றே வைத்துவிட்டார்.

பெரியப்பா: ஆசிரியர் வீட்டுப் பிள்ளைக்கு நீட்சேயைவிட ஃபிரோபெல்தான் பொருத்தம். கிண்டர்கார்ட்டன் என்ற சொல்லையே கொடுத்தவர், ஃபிரீட்ரிஷ் ஃபிரோபெல். 1840இல் அந்தப் பெயரை வைத்தார். மூன்று வயதுப் பிள்ளைக்கு உபதேசம் வேண்டாம், கையில் நூல் பந்தையும் மர உருண்டையையும் கனசதுரத்தையும் கொடு, தானாகக் கற்றுக்கொள்ளும் என்றவர். ஆசிரியர் பயிற்சியில் அந்த மரக்கட்டைப் பெட்டியை என் கையால் பிரித்து அடுக்கியிருக்கிறேன். எட்டுச் சின்னக் கட்டை, ஒன்று சேர்த்தால் ஒரு கனசதுரம். 1851இல் பிரஷ்ய அரசு அவருடைய பள்ளிகளைத் தடை செய்தது. அவர் அண்ணன் மகன் எழுதியதையும் இவர் எழுதியதையும் குழப்பிக்கொண்டார்கள். அடுத்த வருஷம் மனிதர் இறந்துபோனார். தடை நீங்கியது 1860இல். அவர் பார்க்கவில்லை.

தங்கச்சி (ஹாலே): அவருடைய ஊர் துரிங்கியா, இங்கிருந்து தூரம் இல்லை. அந்தக் கட்டைப் பெட்டி இன்றைக்கும் விற்கிறார்கள். ஒன்று வாங்கி வைக்கிறேன் பெரியப்பா, நீங்கள் வந்து பேரனுக்குச் சொல்லிக் கொடுங்கள்.

நான்: உங்கள் ஊரிலேயே பிறந்த ஃபிரீட்ரிஷ் யாரும் இல்லையா?

தங்கச்சி (ஹாலே): ஏன் இல்லை! இசையமைப்பாளர் கேயார்க் ஃபிரீட்ரிஷ் ஹேன்டல், 1685இல் ஹாலேயில் பிறந்தவர். சந்தைச் சதுக்கத்தில் அவர் சிலைக்குக் கீழே உட்கார்ந்துதான் நாங்கள் காய்கறி வாங்கிய பையைச் சரி செய்வோம்.

தஞ்சை சித்தி: கிறிஸ்துமஸுக்கு இங்கே தேவாலயத்தில் பாடுகிற அல்லேலூயா அவருடையதுதானே? எனக்கு உடல் சிலிர்த்துவிடும்.

அம்மா: எல்லாம் சரி, நான் எப்படிக் கூப்பிடுவது? கடைசி எழுத்து எனக்கு வரவே இல்லை. மாப்பிள்ளை சொல்வது மாதிரி ஒரு குரல் பதிவு போடச் சொல்.

தங்கச்சி (ஹாலே): (குரல் பதிவு) கேட்டீர்களா அம்மா? கடைசியில் காற்று மட்டும் லேசாக வரும். முடியாவிட்டால் பரவாயில்லை. தெற்கே ஃபிரீடர் என்பார்கள், வடக்கே கடலோரத்தில் ஃபீட்டெ. ஃபிரிட்ஸ் எனக்கு வேண்டாம். இத்தாலிக்குப் போனால் ஃபெதெரிகோ, செக் நாட்டில் பெத்ரிஷிக். ஊருக்கு ஒரு மாதிரி கூப்பிட்டுக்கொள்கிறார்கள்.

அம்மா: ஃபிரீடர் எனக்கு வருகிறது.

நான்: இரண்டாவது பெயர் வைக்கலாமா?

தங்கச்சி (ஹாலே): வைக்கலாம் அண்ணா. இங்கே ஒருவருக்கு இரண்டு மூன்று முன்பெயர் இருப்பது வழக்கம். அதில் எதைச் சொல்லிக் கூப்பிடுகிறோமோ அதற்குக் 'கூப்பிடும் பெயர்' என்றே சொல்வார்கள். அது முதலாவதாகத்தான் இருக்க வேண்டும் என்று இல்லை. அப்பா பெயரை இரண்டாவதாக வைக்க வேண்டும் என்று அவரே சொன்னார்.

அம்மா: மாப்பிள்ளையா சொன்னார்?

தங்கச்சி (ஹாலே): ஆமாம் அம்மா. இரண்டு தாத்தா பெயரும் இருக்கட்டும் என்றார். ஆங்கில எழுத்தில் எப்படி எழுதுவது என்றுதான் தெரிய வேண்டும். ஒருமுறை பதிந்துவிட்டால் மாற்றுவது பெரிய அலைச்சல். அப்பா கடவுச்சீட்டில் இருக்கிற மாதிரியே எழுதிவிடலாமா?

நான்: அப்படியே எழுது. அப்பா கடவுச்சீட்டு அலமாரியில் இருக்கிறது. இன்று இரவு படம் எடுத்துப் போடுகிறேன்.

பெரியப்பா: இரண்டு பெயருக்கும் நடுவில் இடம் விட்டு எழுதச் சொல். சேர்த்து எழுதிவிடப் போகிறார்கள்.

தங்கச்சி (ஹாலே): சரி பெரியப்பா. வியாழக்கிழமை படிவம் கொடுக்கப் போகிறோம். கொடுப்பதற்கு முன் இங்கே படம் போடுகிறேன், எழுத்துப்பிழை இருக்கிறதா என்று எல்லோரும் ஒருமுறை பார்த்துச் சொல்லுங்கள்.