போதகர், செனட்டர் கிளமெண்டா பிங்க்னி: மூவரின் அனுபவப் பகிர்வு

கொலம்பியா, தென் கரோலைனா

2015 ஜூன் 24 அன்று, மாநில செனட்டர் (சட்டமன்ற மேலவை உறுப்பினர்) கிளமெண்டா பிங்க்னியின் உடல் கொலம்பியா நகரிலுள்ள சட்டமன்றக் கட்டடத்தில் மக்களின் அஞ்சலிக்காக வைக்கப்பட்டிருந்தது. இந்த நகரில் வேலை பார்க்கும் நானும், கடும் வெயிலில் நீண்டுகிடந்த வரிசையில் நின்றேன். ஒரு வாரத்துக்கு முன்பு, ஜூன் 17 புதன்கிழமை இரவு, சார்ல்ஸ்டன் இம்மானுவேல் ஆலயத்தின் வேதபாட வகுப்பில் வெள்ளை இனவெறியன் ஒருவனால் சுட்டுக்கொல்லப்பட்ட ஒன்பது பேரில் அவரும் ஒருவர் என்ற செய்தியைத் தாண்டி அவரைப் பற்றி அப்போது எனக்கு எதுவும் தெரியாது.

மற்றதையெல்லாம் எனக்கு முன்னால் நின்ற முதியவர் ஒருவர் சொன்னார். அவர் பிங்க்னி வளர்ந்த ஜாஸ்பர் கவுண்டியிலிருந்து வந்திருந்தார். பதின்மூன்று வயதில் பிரசங்கம் செய்யத் தொடங்கிய சிறுவன், பதினெட்டில் போதகராகி, 1996இல் தம் 23ஆம் வயதில் மாநிலப் பிரதிநிதிகள் அவைக்கும், 2000இல் செனட்டுக்கும் தேர்ந்தெடுக்கப்பட்டதை, தம் வீட்டுப் பிள்ளையைப் பற்றிப் பேசுகிறவரைப் போல அவர் விவரித்தார். பள்ளிகளும் மருத்துவ வசதியும் மிகப் பின்தங்கிய, ஏழ்மை நிறைந்த தொகுதி அது. ஏழைகளுக்கான மெடிகெய்டு மருத்துவக் காப்பீட்டை விரிவுபடுத்த வேண்டும் என்று பிங்க்னி வாதாடியும், பெரும்பான்மைக் கட்சி இசையவில்லை. சிறுபான்மைக் கட்சியின் இருக்கையிலிருந்து ஒருவர் எவ்வளவு செய்துவிட முடியும் என்று கேட்டேன். கேட்பார் இல்லாத இடத்திலும் எங்களுக்காகக் கேட்டுக்கொண்டே இருந்தாரே என்றார் அவர்.

உள்ளே பெட்டிக்கு அருகிலிருந்த சன்னலைக் கறுப்புத் துணியால் மறைத்திருந்தார்கள். அடிமைமுறையைக் காக்கப் போரிட்ட தென்மாநிலக் கூட்டமைப்பின் கொடி அந்தச் சன்னலுக்கு வெளியே வளாகத்தில் பறந்துகொண்டிருந்தது. கறுப்பினத்தவர் பல ஆண்டுகளாகக் கோரியும் அகற்றப்படாத அந்தக் கொடி, ஜூலை 10 அன்று இறக்கப்பட்டது. அதற்கு ஒன்பது உயிர்கள் போக வேண்டியிருந்தது என்பதை இன்றும் என்னால் ஏற்க முடியவில்லை.

சார்லட், வட கரோலைனா

இம்மானுவேல் ஆலயத்துக்கு ஒரு ஞாயிறு ஆராதனைக்குச் சென்றிருந்தேன். அடிமைமுறையை நன்மையென்றே வாதிட்ட அரசியல்வாதி ஜான் கால்ஹூனின் பெயரைத் தாங்கிய தெருவில்தான் அந்த ஆலயம் நிற்கிறது. 1822இல் அடிமைகளின் கிளர்ச்சிக்குத் திட்டமிட்டதாக, விடுதலை பெற்ற கறுப்பினத் தச்சரான டென்மார்க் வீசி உள்ளிட்ட 35 பேர் தூக்கிலிடப்பட்டபோது, வீசி சார்ந்திருந்த இந்தச் சபையின் கட்டடமும் இடிக்கப்பட்டது. 1834இல் கறுப்பினத்தவரின் தனிச் சபைகளே தடை செய்யப்பட, உள்நாட்டுப் போர் முடியும்வரை சபையார் இரகசியமாகவே கூடித் தொழுதார்கள். போருக்குப் பின் சபையை மீண்டும் எழுப்பிய போதகர் ரிச்சர்டு கெய்ன், 1868இல் மாநில செனட்டராகி, பின்னர் அமெரிக்க நாடாளுமன்றத்துக்கும் சென்றார். 2010இல் பிங்க்னி இந்தச் சபையின் பொறுப்பை ஏற்றபோது, போதகரும் செனட்டருமாக ஒருவரே இருப்பது அங்கே புதுமையாக இருந்திருக்காது.

அட்லாண்டா, ஜார்ஜியா

நான் தென்னிந்தியத் திருச்சபையின் ஆயர் ஒருவருடைய மகள். ஊழியத்தில் இருப்பவருக்கு அரசியல் தகாது என்ற பேச்சைக் கேட்டே வளர்ந்தேன். அதனால்தான், 2015 வசந்த காலத்தில் பிங்க்னி செனட்டில் ஆற்றிய உரையின் காணொளி என்னை வெகுவாக ஈர்த்தது. அந்த ஏப்ரலில், நார்த் சார்ல்ஸ்டனில் வால்டர் ஸ்காட் என்ற நிராயுதபாணியான கறுப்பினத்தவரைக் காவலர் ஒருவர் முதுகில் சுட்டுக்கொன்றிருந்தார். உயிர்த்தெழுந்த இயேசுவின் காயங்களைக் காணாமல் நம்பமாட்டேன் என்ற தோமாவைத்தான் பிங்க்னி அவையில் நினைவூட்டினார். வழிப்போக்கர் எடுத்த காணொளியைப் பார்க்கும்வரை பலரும் அந்தக் கொலையை நம்பவில்லை; பார்த்த பிறகே நம்பினார்கள். ஆகவே காவலர் உடையில் கேமரா வேண்டும் என்பது அவர் வாதம். வேதவாக்கியத்தை அவர் அலங்காரத்துக்காக எடுத்தாளவில்லை. சட்டம் ஏன் தேவை என்பதற்கான காரணமாகவே அது அந்த உரையில் அமைந்திருந்தது. நிதி கிடைக்கும் அளவுக்கு மாநிலம் முழுவதும் காவலருக்குக் கேமரா வழங்கும் அந்தச் சட்டத்தில், அவர் இறப்பதற்கு ஒரு வாரம் முன்பு, ஜூன் 10 அன்று ஆளுநர் கையொப்பமிட்டார்.

சட்டமன்றத்துக்குப் போகிறவர் சபையை விட்டுவிட வேண்டாமா என்று நம்மில் சிலர் கேட்கக்கூடும். தென் கரோலைனாவில் சட்டமன்றம் முழுநேரப் பணி அன்று. சனவரியில் தொடங்கும் கூட்டத்தொடர் ஆண்டின் முற்பாதியில், வாரத்தில் மூன்று நாள் நடக்கும். உறுப்பினருக்கு ஆண்டு ஊதியம் 10,400 டாலர்தான். எல்லாரும் வேறொரு தொழிலை வைத்துக்கொண்டே வருகிறார்கள். வழக்கறிஞரும் வணிகரும் தத்தம் தொழிலை விடாமல் அமரும் அவையில், போதகர் மட்டும் ஏன் தம் சபையை விட வேண்டும்? இறந்த நாளிலும் பிங்க்னி பகலில் கொலம்பியாவில் வரவுசெலவுத் திட்டம் தொடர்பான செனட் பணியில் இருந்துவிட்டு, ஏறத்தாழ 180 கிலோமீட்டர் பயணம் செய்து, மாலையில் சபையின் காலாண்டுக் கூட்டத்துக்கு வந்து, அது முடிந்த பின்னரும் வேதபாடத்துக்காக அங்கேயே தங்கினார்.